இருபத்தோராம் வளைவு

ஏற்காட்டிலிருந்து இறங்கினால் வளைவுகள் இருபது.
யார் கேட்டாலும் இருபது என்றுதான் சொல்வேன்.
மிளகு மூட்டைகளோடு நாங்கள் இறங்கிய ஐப்பசி இரவில்
இருபத்தொன்று இருந்தது.

சவரியப்பன் ஸ்டியரிங்கை ஒடித்தார்.
ஒடித்துக்கொண்டே இருந்தார்.
பனி கண்ணாடியை நக்கியது.
வைப்பர் துடைத்த இடத்தில்
முன்னே ஒரு லாரி, அதற்கு முன்னே ஒன்று,
எங்களோடு பன்னிரண்டு,
ஒன்றன் வாலை ஒன்று பிடித்தபடி.

எத்தனை நாள் என்று கேட்காதீர்கள்.
டீசல் தீரவில்லை. பசி எடுக்கவில்லை.
யாருடைய போனும் அடிக்கவில்லை.
ஓமலூர்க்காரர் ஒருவர் கேபினில் கால்நீட்டி
'ஃபைனான்ஸ்காரன் இங்க வரமாட்டான் தம்பி' என்றார்,
பத்து வருஷம் கழித்துத் தூங்கி எழுந்தவர்போல.
மூன்றாம் நாளோ முந்நூறாம் நாளோ
சவரியப்பனும் செருப்பைக் கழற்றினார்.
அதன்பிறகு சேலத்தைப் பற்றிப் பேசவில்லை.

நான் மட்டும் இறங்கி, தார்மீது காதை வைத்தேன்.
உள்ளே எதுவோ மென்றுகொண்டிருந்தது,
அவசரமில்லாமல்,
கல்யாண வீட்டில் வெற்றிலை போடுகிறவர்போல.

அவள் வந்தது டிவிஎஸ் ஃபிஃப்டியில்.
பெயர் அங்காயி. பின்னால் கல்லுப்பு மூட்டை,
தலையில் மப்ளர், இடது காதில் பாதி இல்லை.
கருமந்துறைப் பக்கம் ஒன்று தின்றுவிட்டதாம்.
'வயித்தக் கிழிச்சுப் பாத்தேன். செரிச்சிருந்துச்சு.'
எட்டாயிரம் கேட்டிருக்கிறாள்.
லாரி ஆபீஸ் மாதேஸ்வரன் ஆறில் ஆரம்பித்து
ஆறரையில் முடித்திருக்கிறார்,
உப்புச் செலவு அவளுடையது.

ஒவ்வொரு கேபினாகத் தட்டினாள்.
'வெளிய வர்றீங்களா?'
யாரும் கண்ணாடியை இறக்கவில்லை.
ஓமலூர்க்காரர் கையெடுத்துக் கும்பிட்டார்,
போய்விடு தாயே என்பதுபோல.
நான் கையைத் தூக்கினேன்.
'ஒருத்தன் போதும்' என்றாள்.

சிவதாபுரத்துக் கொலுசுப் பட்டறையில் அடித்த வெள்ளி ஆணி,
முழங்கை நீளம்.
உப்பைக் கொட்டி வட்டம் போட்டாள்.
வெள்ளைக்கோட்டில் துடிப்பு எங்கே என்று
வெறுங்காலால் துழாவினாள்,
இருட்டில் சுவிட்சைத் தேடுகிறவள்போல.
மூன்றே அடி.

அது அலறவில்லை.
சுருண்டு படுத்திருந்தது சோம்பல் முறித்தாற்போல
நீண்டது, நேரானது.
பிறகு இல்லை.

விடிந்திருந்தது.
பன்னிரண்டு லாரிகளும் சாலையை அடைத்து நின்றன.
முதல் பஸ்காரன் எங்கள் அம்மாக்களை விசாரித்தான்.
போன்கள் எல்லாம் ஒரே சமயத்தில் அடிக்கத் தொடங்கின.
ஓமலூர்க்காரர் இறங்கிவந்து
அவள் காலில் துப்பினார்.
காலைப் புல்லில் தேய்த்துக்கொண்டே
'பாதிப் பேர் துப்புவாங்க' என்றாள் என்னிடம்,
'மீதிப் பேர் காசு தரமாட்டாங்க.'

சவரியப்பன் என் முகத்தைப் பார்க்கவில்லை.
எனக்கும் அந்த லாரியில் ஏறத் தோன்றவில்லை.
உப்பு மூட்டை இருந்த இடத்தில் உட்கார்ந்தேன்.

அவள் வண்டியை மேலே திருப்பினாள்.
உச்சியிலிருந்து ஒருமுறை எண்ணாமல்
கூலி வாங்குவதில்லையாம்.
எண்ணிக்கொண்டே இறங்கினேன்.
காட்டெருது முறைத்த வளைவு,
சில்வர் ஓக் சாய்ந்த வளைவு,
சேலம் முதன்முதலில் தகரம்போல் மின்னும் வளைவு.
பதினான்காம் பலகைக்கு அடுத்து
பன்னிரண்டு வந்தது.
கண் சிமிட்டியிருப்பேன் என்று நினைத்தேன்.
கொய்யாக் கூடையோடு ஒரு அக்கா உட்காருமே,
அந்தத் திருப்பம் வரவேயில்லை.

அடிவாரச் செக்போஸ்ட்டில் வண்டி நின்றது.
'எத்தன?'
'பத்தொம்பது.'

எஞ்சினை அணைக்காமல்
மலையையே பார்த்தபடி இருந்தாள்.
மப்ளரை அவிழ்த்தாள். உதறினாள்.
மறுபடி கட்டினாள், இந்தமுறை
இரண்டு காதையும் மூடி.

'மாதேசு கேட்டா' என்றாள்,
'இருபதுன்னு சொல்லு.'